லெக்சிங்டன் பாணி பன்றித் தோள்பட்டை: சூடு 68-இல் நின்றுவிடுகிறது, புகையும் கசக்கிறது. உதவி தேவை

சார்லட்_சமையல்:
வணக்கம். அமெரிக்காவின் வட கரோலினாவிலுள்ள லெக்சிங்டன் ஊர்ப் பாணியில் பன்றித் தோள்பட்டையைப் புகையில் வேகவைத்துப் பிய்க்கப் பார்க்கிறேன். 57 செ.மீ. உருண்டைக் கெட்டில் அடுப்பு, எலும்போடு 3.5 கிலோ பாஸ்டன் பட் (தோளின் மேல்பகுதி), பிரிக்கெட் (அச்சில் அழுத்திய கரிக்கட்டி), புகைக்கு ஹிக்கரி மரக் கட்டை. மூடியிலுள்ள தெர்மாமீட்டர் 120 காட்டியது (எல்லாமே செல்சியஸ்). கறியின் உட்சூடு 68 வரை ஏறி, மணிக்கணக்கில் அங்கேயே நின்றது. 82 வந்ததும் எடுத்தேன். நாராகப் பிரியவில்லை, கத்தி வைத்துத்தான் வெட்ட முடிந்தது. மேல்பகுதி கசப்பு. கட்டைகளை ஊறவைத்துப் போட்டேன். புகை உள்ளேயே தங்கட்டும் என்று மேல் துவாரத்தைப் பாதி மூடியிருந்தேன். மீதி 2 கிலோ ஃபிரிட்ஜில் இருக்கிறது. அதைச் சரிசெய்ய முடியுமா?

ஹிக்கரிப்புகை:
முடியும். கறியை அரை கப் தண்ணீரோடு கனமான அலுமினியத் தாளில் காற்றுப் புகாமல் சுற்றி, 150-இல் ஓவனில் வையுங்கள். உட்சூடு 95-ஐ நெருங்கும்போது குத்திப் பாருங்கள். கம்பி வெண்ணெயில் இறங்குவதுபோல் இறங்கினால் எடுத்துவிடலாம்.

தோள்பட்டை நாள் முழுக்க உழைத்த தசை, கொலாஜன் என்கிற கெட்டியான இணைப்புப் புரதம் நிறைந்தது. அது ஜெலட்டினாக உருகினால்தான் நார் பிரியும். 82-இல் கறி வெந்திருக்கும், சாப்பிட ஆபத்தில்லை. ஆனால் கொலாஜன் போதிய அளவு உருகியிருக்காது. பிய்க்க வேண்டுமென்றால் 93 முதல் 96 வரை போக வேண்டும். தோள் எலும்பைப் பிடித்துத் திருகினால் கறி ஒட்டாமல் கழன்று வருவதுதான் நம்பகமான அடையாளம். கடிகாரத்தைப் பார்த்து எடுக்காதீர்கள். 3.5 கிலோவுக்கு 12 மணி நேரம் ஒதுக்குங்கள், 14 ஆனாலும் பதறவேண்டாம்.

68-இல் நின்றதற்கு அடுப்பு காரணமில்லை. கறியிலிருந்து ஈரம் ஆவியாகும்போது வியர்வை உடம்பைக் குளிர்விக்கிற அதே வேலை நடக்கிறது. உள்ளே வரும் சூடும் ஆவியோடு போகும் சூடும் சமமாகிவிடுவதால் முள் நகராது. மேற்பரப்பு காய்ந்த பிறகு தானாக ஏறும். அவசரமென்றால் சூடு நின்றதுமே தாளில் சுற்றிவிடுங்கள்; ஆவி வெளியேறாததால் சூடு உடனே ஏறும். சுற்றிய பிறகு புகை உள்ளே போகாது என்பதால், மிச்ச நேரத்தை ஓவனில் 130-இல் முடித்தாலும் சுவையில் வித்தியாசம் இருக்காது.

கரிக்கூடை:
கசப்புக்கு நான் சொல்கிறேன். மேல் துவாரத்தை மூடியதுதான் பெரிய தவறு. காற்றோட்டம் குறைந்தால் கட்டை முழுதாக எரியாமல் கெட்டி வெள்ளைப்புகை விடும். அதிலுள்ள தார் கறியில் படியும். மேல் துவாரம் கடைசிவரை முழுக்கத் திறந்திருக்கட்டும், சூட்டைக் கீழ்த் துவாரத்தால் மட்டும் கட்டுப்படுத்துங்கள். புகை இருப்பதே தெரியாத அளவு மெல்லிய நீலநிறமாக வந்த பிறகு கறியை வையுங்கள். கட்டையை ஊறவைக்கவும் வேண்டாம்: அந்தத் தண்ணீர் காயும்வரை நெருப்புதான் குளிரும்.

பிரிக்கெட்டை அடுப்பின் ஓரமாக இரண்டு வரிசை, இரண்டு அடுக்காகப் பாம்புபோல் முக்கால் வட்டம் அடுக்குங்கள். முதல் பாதியின் மேல் கைப்பிடி அளவு ஹிக்கரிக் கட்டை நாலைந்து போதும். ஒரு நுனியில் மட்டும் நன்றாகக் கனன்ற பத்துப் பன்னிரண்டு கரியை வையுங்கள். திரவ எரிபொருள் ஊற்றிக் கொளுத்தாதீர்கள், அந்த வாடை கறியில் ஏறும். நடுவில் வெந்நீர்த் தட்டு, அதற்கு நேர் மேலே கறி. நேரம் போகப்போகச் சாம்பல் கீழ்த் துவாரத்தை அடைக்கும். சூடு இறங்கினால் முதலில் சாம்பலைத் தள்ளிவிடுங்கள்.

மூடித் தெர்மாமீட்டரை நம்பவேண்டாம், தம்பி. கறி இருக்கும் கம்பித் தட்டில், கறியிலிருந்து ஐந்து செ.மீ. தள்ளி வேறொரு தெர்மாமீட்டரின் முனையைப் பொருத்தி 107–121 வைத்திருங்கள்.

சார்லட்_சமையல்:
நன்றி. தாளில் சுற்றினால் மேல்பொருக்கு ஊறிப் போகாதா? மசாலாவும், பிய்த்த கறியில் கலக்கிற வினிகர் சாறும் என்ன அளவு?

ஹிக்கரிப்புகை:
கொஞ்சம் ஊறும். மொறுமொறுப்பு முக்கியமென்றால் சுற்றாமல் பொறுத்திருங்கள், அல்லது மெழுகில்லாத பிரவுன் பேப்பரில் சுற்றுங்கள். லெக்சிங்டன் கடைகளில் அந்த வெளிப்பக்கக் கறியைத் தனியாகக் கேட்டு வாங்குபவர்கள் உண்டு.

மசாலா அங்கே பெரிதாகக் கிடையாது. கறி எடையில் 1.3 சதவீதம் உப்பு, அதாவது உங்கள் 3.5 கிலோவுக்கு 45 கிராம், முந்தின இரவே தடவி ஃபிரிட்ஜில் வையுங்கள். வேண்டுமானால் மிளகுத்தூள். ஹிக்கரித் தணல் மேல் கொழுப்பு சொட்டி எழுகிற வாசம்தான் அந்த ஊர்ச் சுவை. சீரகமும் பூண்டுத்தூளும் அதை மறைத்துவிடும்.

சாறுக்கு: ஆப்பிள் சைடர் வினிகர் 480 மி.லி., தண்ணீர் 120, தக்காளிக் கெட்சப் 120, சர்க்கரை 2 மேசைக்கரண்டி, உப்பு 2 தேக்கரண்டி, இடித்த சிவப்பு மிளகாய் 2 தேக்கரண்டி, மிளகு 1 தேக்கரண்டி. சர்க்கரை கரையும்வரை சிறு தீயில் வைத்து, ஒரு நாள் ஊறவிடுங்கள். கெட்சப்பை விட்டுவிட்டால் மாநிலத்தின் கிழக்குப் பகுதிப் பாணிக்கு நெருங்கிவிடும்; அங்கே முழுப் பன்றியைச் சுடுவார்கள்.

கரிக்கூடை:
இரண்டு விஷயம் சேர்க்கிறேன். இறக்கியதும் பிய்க்காதீர்கள். தாளோடு துண்டில் சுற்றி, ஐஸ் இல்லாத ஐஸ்பெட்டியில் ஒன்றிலிருந்து இரண்டு மணி நேரம் வையுங்கள். உட்சூடு 60-க்குக் கீழே போகவிடாதீர்கள். தாளில் தேங்கிய சாற்றில் மேலே மிதக்கும் கொழுப்பை நீக்கி, மிச்சத்தைப் பிய்த்த கறியில் கலந்துவிடுங்கள்.

வினிகர் சாற்றைக் கிலோவுக்கு 100 மி.லி. அளவில் தொடங்கி ருசி பார்த்துக் கூட்டுங்கள். பொடியாக நறுக்கிய முட்டைக்கோஸில் இதே சாற்றைப் பிசைந்தால் லெக்சிங்டனின் சிவப்பு ஸ்லா (முட்டைக்கோஸ் சாலட்) தயார். மயோனைஸ் சேர்க்கக் கூடாது.