பழைய பர்மியச் செய்திகள் புது போனில் சிதைந்து தெரிகின்றன, மீட்க முடியுமா?

மோல்மேன் பேத்தி:

வணக்கம். பர்மிய எழுத்துரு விஷயம் தெரிந்தவர்கள் உதவுங்கள். கொஞ்சம் நீளமாகத்தான் எழுதுகிறேன், முழு விவரம் இருந்தால் பதில் சொல்ல வசதியாக இருக்கும்.

அப்பா பிறந்தது பர்மாவில், மோல்மேனில். இன்று அந்த ஊருக்கு மாவ்லமியைன் என்று பெயர். 1964இல் கடைகளையெல்லாம் அரசு எடுத்துக்கொண்டது. மறு வருஷம் தாத்தா குடும்பத்தோடு கப்பலேறி வந்துவிட்டார். அப்பாவுக்கு அப்போது 12 வயது. கல்யாணமாகி அங்கேயே இருந்த மூத்த அத்தை மட்டும் வரவில்லை.

2014இல் அங்கே சிம் கார்டு 1,500 கியாத்துக்குக் கிடைக்க ஆரம்பித்த பிறகுதான் அத்தை மகன் கைக்குப் போன் வந்தது. அவருக்குத் தமிழ் பேச வரும், எழுத வராது. அத்தை தமிழில் சொல்லச் சொல்ல, அவர் பர்மியத்தில் அடித்து அனுப்புவார். அப்பா சின்ன வயதில் பர்மியப் பள்ளியில் படித்தவர், எழுத்துக் கூட்டி வாசித்துவிடுவார். ஆறு வருஷம் இப்படி ஓடியது. அத்தை 2021இல் தவறிவிட்டார்.

போன மாதம் அப்பாவின் பழைய போன் அடியோடு நின்றுவிட்டது. அதற்கு முன்பே அரட்டை முழுவதையும் எழுத்துக் கோப்பாகச் சேமித்திருந்தேன், சுமார் 600 செய்திகள். புது போனில் திறந்தால் கட்டம் கட்டமாக வரவில்லை, பர்மிய எழுத்தாகத்தான் தெரிகிறது. ஆனால் அப்பா முதல் சில பக்கங்களைப் பார்த்துவிட்டு, "எழுத்தெல்லாம் அந்த எழுத்துதான், வார்த்தைதான் இல்லை" என்கிறார். பல இடங்களில் ஓர் எழுத்துக்கு அடியில் இன்னொரு எழுத்து ஒட்டிக்கொண்டு நிற்கிறது. சில குறிகள் எதிலும் சேராமல், புள்ளிகளால் ஆன சிறு வட்டத்தோடு தனியாக நிற்கின்றன. ஒரே ஒரு வார்த்தை மட்டும் திரும்பத் திரும்பச் சரியாக வருகிறதாம்: "அம". அக்கா என்று அர்த்தம்.

இரண்டு பர்மிய எழுத்துருக்களை நிறுவிப் பார்த்தேன். போனின் மொழியைப் பர்மியத்துக்கு மாற்றினேன். கணினியிலும் திறந்தேன். எல்லாவற்றிலும் அதே கோலம். மொழிபெயர்ப்புச் செயலியில் ஒட்டினால் தலையும் காலும் புரியாத ஏதோ வருகிறது. கோப்பு கெட்டுவிட்டதா? அத்தை சொன்ன வார்த்தைகள் என்று எங்களிடம் இருப்பது இது ஒன்றுதான்.

எழுத்துக்கோர்ப்பவன்:

கோப்பு கெடவில்லை, கவலைப்படாதீர்கள். ஓர் எழுத்தும் தொலையவில்லை. முதல் வேலையாக அதைப் பிரதி எடுத்து வேறிடத்தில் வையுங்கள். மூலத்தில் கை வைக்க வேண்டாம்.

அடியில் ஒட்டும் எழுத்து, தனியாக நிற்கும் வட்டம், இந்த இரண்டு அடையாளமே போதும். இது ஸோஜி எழுத்துருவில் அடித்தது. ஆங்கிலத்தில் தேடுவதாக இருந்தால் இசட், ஏ, டபிள்யூ, ஜி, ஒய், ஐ. பர்மியக் கதைகளில் வரும் ரசவாதிக்கு ஸோஜி என்று பெயர், அதையே எழுத்துருவுக்கும் வைத்துவிட்டார்கள். உலக மொழிகளின் எழுத்துகளுக்கெல்லாம் ஆளுக்கொரு எண் கொடுக்கும் பொது முறைதான் யூனிகோட். அதில் பர்மியத்துக்கு 1999இலேயே இடம் ஒதுக்கியாகிவிட்டது. ஆனால் அது சீர்ப்பட்டது 2008இல் வந்த 5.1 பதிப்பில்தான். அதற்குள் ஸோஜி ஊரெல்லாம் பரவிவிட்டது. நீங்கள் சொல்லும் 2014இல், போன் கடைக்காரர்களே ஸோஜியை ஏற்றித்தான் போனைக் கையில் கொடுத்தார்கள்.

நம் பழைய தமிழ் எழுத்துரு பாமினி போலத்தானே என்று தோன்றும். பாமினி ஆங்கில எழுத்துகளின் இடத்தில் உட்கார்ந்தது. எழுத்துரு இல்லாவிட்டால் ஆங்கில எழுத்துகளாகக் கொட்டும், பார்த்தவுடன் தெரிந்துவிடும். ஸோஜியோ யூனிகோட் பர்மியத்துக்கு ஒதுக்கிய அதே வீட்டுக்குள் புகுந்து, அறைகளை வேறு மாதிரி பங்கிட்டுக்கொண்டது. அதனால் கணினியைப் பொறுத்தவரை இரண்டும் பர்மியம்தான். எது எது என்று சொல்ல அதில் ஒரு குறிப்பும் கிடையாது. எந்த யூனிகோட் எழுத்துருவை நிறுவினாலும் அதே கோலம் வந்ததற்கு இதுதான் காரணம்.

ஓர் உதாரணம் சொல்கிறேன். நம் புள்ளி போலவே பர்மியத்திலும் ஒரு குறி உண்டு. எழுத்தின் தலையில் போட்டால் உயிர் போய்விடும். அதற்கு "அதத்" என்று பெயர், கொல்வது என்று பொருள். ஸோஜியில் அதன் எண் 1039. யூனிகோடில் அதே 1039, "அடுத்த எழுத்தை இதன் அடியில் அடுக்கு" என்கிற கட்டளை. ஆகவே புது போனில் புள்ளியெல்லாம் மறைந்து, அடுத்த எழுத்து கீழே போய் ஒட்டிக்கொள்கிறது.

வட்டத்தோடு நிற்பது ஏகாரக் கொம்பு. "கே" என்று எழுதும்போது நம் கண்ணுக்கு முதலில் தெரிவது கொம்பு, பிறகுதான் ககரம். யூனிகோட் ககரத்தை முதலில் சேமிக்கும், கொம்பைப் பிறகு. ஸோஜி கண்ணால் பார்க்கிற வரிசையிலேயே சேமிக்கும், யூனிகோடுக்கு முன் தமிழுக்கு இருந்த திஸ்கி குறியீட்டு முறை செய்தது போல. அதனால் கொம்பு தனக்கு முந்தைய எழுத்தின் மேல் போய் ஏறிக்கொள்கிறது. ஏற எழுத்து இல்லாத இடத்தில் அந்த வட்டம்.

உங்கள் "அம" பிழைத்த காரணமும் இதிலேயே இருக்கிறது. அகரம், மகரம், இரண்டும் குறி இல்லாத மொட்டை எழுத்துகள். அவற்றுக்கு இரண்டு முறையிலும் ஒரே எண்.

ரேபிட் என்று ஓர் இலவச மாற்றி இருக்கிறது. ஸோஜியை உள்ளே ஒட்டினால் யூனிகோடாக வெளியே வரும். முதலில் நாலு வரியை மட்டும் போட்டுப் பாருங்கள்.

ஜூராங் வாசி:

எங்கள் வேலைத் தளத்தில் மியான்மர்க்காரர்கள் நிறையப் பேர் வேலை செய்கிறார்கள். அவர்களுடைய பழைய படத் தலைப்புகளிலும் இதே தொல்லைதான். மோன்காரர் ஒருவர் இன்னொன்று சொன்னார். யூனிகோட் அந்தப் பகுதியில் மோன், ஷான், கரென் மொழிகளின் எழுத்துகளுக்கென்று தனியே இடம் வைத்திருந்தது. ஸோஜி தன் கூடுதல் உருவங்களுக்காக அந்த இடங்களையே எடுத்துக்கொண்டது. ஸோஜி உள்ள போனில் அவரால் தன் தாய்மொழியில் ஒரு வரி ஒழுங்காக அடிக்க முடியாதாம். மோல்மேன், மோன் மாநிலத்தின் தலைநகர். உங்கள் கோப்பில் யாராவது மோன் மொழியில் எழுதிய துண்டு இருந்தால் அதைத் தனியாக எடுத்துவிடுங்கள், மாற்றிக்குள் போட வேண்டாம்.

மோல்மேன் பேத்தி:

மிக்க நன்றி. நாலு வரி போட்டுப் பார்த்தேன், அப்பா கடகடவென்று வாசித்துவிட்டார்! உடனே முழுக் கோப்பையும் போட்டேன். முதல் பெரும்பகுதி அருமையாக வந்தது. கடைசி 150 செய்திகள் முன்பு வாசிக்கும்படி இருந்தவை, இப்போது அடியோடு போய்விட்டன. பிரதி இருப்பதால் தப்பித்தேன். ஏன் இப்படி ஆனது?

எழுத்துக்கோர்ப்பவன்:

என் தவறு, இதை முன்பே சொல்லியிருக்க வேண்டும். அந்த 150உம் 2019 கடைசிக்குப் பிறகு வந்தவையா என்று தேதியைப் பாருங்கள். மியான்மர் அரசு 2019 அக்டோபர் 1 முதல் அதிகாரபூர்வமாக யூனிகோடுக்கு மாறியது. அந்த ஒட்டில் உங்கள் அத்தை மகன் போன் மாற்றியிருப்பார். ஏற்கெனவே யூனிகோடாக இருப்பதை மறுபடி மாற்றிக்குள் தள்ளினால் உடையத்தான் செய்யும்.

கோப்பை மொத்தமாக மாற்றாமல், ஒவ்வொரு செய்தியாகச் சோதித்து ஸோஜியை மட்டும் மாற்ற வேண்டும். கூகுள் இதற்கென்றே மியான்மர் டூல்ஸ் என்ற நிரல் தொகுப்பை இலவசமாகக் கொடுத்திருக்கிறது. ஒரு வரியைக் கொடுத்தால், அது ஸோஜியாக இருப்பதற்கான வாய்ப்பை 0 முதல் 1 வரை ஓர் எண்ணாகச் சொல்லும். ஜாவாஸ்கிரிப்டில் சிறிய நிரல் ஒன்று எழுதித் தருகிறேன். உங்கள் கணினியிலேயே ஓடும், குடும்பக் கடிதங்களை எந்தத் தளத்திலும் ஏற்ற வேண்டியதில்லை. இரண்டே வார்த்தை உள்ள செய்திகளில் அது தடுமாறும். அவற்றை முன்னும் பின்னும் உள்ள தேதியை வைத்து நீங்களே முடிவு செய்யுங்கள்.

மோல்மேன் பேத்தி:

நீங்கள் சொன்னது சரி. 2019 நவம்பரிலிருந்துதான் மாறியிருக்கிறது. நிரல் வேலை செய்தது, 11 குட்டிச் செய்திகளை மட்டும் கையால் சரிசெய்தேன். எல்லாம் வந்துவிட்டது!

இப்போது வேறு ஒரு சந்தேகம். இந்த வாரம் அப்பாவுக்குக் கண்புரை ஆபரேஷன். அவர் மறுபடி வாசிக்க ஆரம்பிப்பதற்குள், அத்தை சொன்னவற்றையும் அத்தை மகன் தன் பங்குக்கு எழுதியவற்றையும் தனித்தனியாகப் பிரித்து வைக்க நினைக்கிறேன். எனக்குப் பர்மியம் தெரியாது, மொழிபெயர்ப்புச் செயலிதான் கதி. "அக்காவுக்குக் காய்ச்சல், அன்பே, நீ கவலைப்படாதே" என்று ஒன்று வருகிறது. எந்த அக்கா? அன்பே என்று யாரை யார் அழைக்கிறார்கள்? இப்படியே நூறு இடத்தில் இருக்கிறது.

பர்மா காலனிக்காரன்:

அம்மா, நானும் ரங்கூனிலிருந்து சின்னப் பிள்ளையாக வந்தவன். அந்த "அன்பே" என்பது உங்கள் அப்பாதான்.

பர்மியத்தில் வீட்டுக்குள் பேசும்போது நான், நீ என்று அதிகம் சொல்ல மாட்டார்கள். முறைப்பெயரைத்தான் சொல்வார்கள். நம் வீட்டிலும் "அக்கா சொல்றேன், கேளு" என்கிறோம் அல்லவா? அங்கே அதுதான் நடைமுறை. "அமவுக்குக் காய்ச்சல்" என்றால் எனக்குக் காய்ச்சல், உன் அக்கா சொல்கிறேன் என்று அர்த்தம்.

"அன்பே" என்று செயலி மாற்றியது "மவுங்" என்ற சொல்லாகத்தான் இருக்கும். ஒரு பெண் தன் தம்பியை மவுங் என்பாள். காதலனையும் கணவனையும் அப்படியே அழைப்பதுண்டு, செயலி அதைப் பிடித்துக்கொண்டது. ஓர் ஆண் தன் தம்பியை மவுங் என்று சொல்ல மாட்டான், "ஞீ" என்பான். சொல்கிறவர் பெண்ணா ஆணா என்பது முறைப்பெயரிலேயே வந்துவிடும். நான் என்பதற்குக்கூட ஆணுக்கு ஒரு சொல், பெண்ணுக்கு ஒரு சொல்.

உங்கள் வேலைக்கு இது சுலபமான வழி. அத்தை மகனுக்கு உங்கள் அப்பா மாமா, ஆகவே "ஊலே" என்று எழுதியிருப்பார். அத்தை தம்பி என்று சொன்னதை "மவுங்லே" என்று அடித்திருப்பார். கடைசி லே என்பது சின்ன என்பதற்கு, செல்லமாகச் சேர்ப்பது. அந்த இரண்டு சொற்களையும் தேடினாலே செய்திகள் இரண்டாகப் பிரிந்துவிடும்.

இதையும் யோசித்துப் பாருங்கள். அந்தக் கோப்பு சிதைந்து கிடந்தபோது "அம" மட்டும் தெரிந்தது. மவுங் என்ற சொல்லில் கொம்பும் இருக்கிறது, தலையில் அந்தப் புள்ளியும் இருக்கிறது. அதனால் அக்கா தெரிந்தாள், தம்பி தெரியவில்லை.

மோல்மேன் பேத்தி:

ஐயா, உங்கள் பதிலை அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். கண்ணில் கட்டோடு கேட்டுக்கொண்டிருந்தவர், "மவுங்லேதான். தம்பின்னு கூப்பிட்டதை அவன் அப்படித்தான் எழுதுவான்" என்றார். அப்புறம் வெகுநேரம் பேசவில்லை.

தேடிப் பிரித்தேன். மவுங்லே உள்ளவை 231 செய்திகள். இன்னொன்று மட்டும் கேட்டுவிடுகிறேன். அத்தை அடிக்கடி சொல்லும் ஒரு சொல் "வன்தா" என்று அப்பா சொன்னார், சந்தோஷம் என்று பொருளாம். அதை ஒரு செய்தியிலிருந்து நகலெடுத்துத் தேடினால் மூன்று இடம்தான் வருகிறது. கண்ணுக்கோ முப்பது இடமாவது தெரிகிறது.

எழுத்துக்கோர்ப்பவன்:

அந்தச் சொல் வகரத்தில் தொடங்குகிறது. பர்மிய வகரம் ஒரு வட்டம், பர்மிய எண் 0வும் ஒரு வட்டம். பலர் வகரத்துக்குப் பதில் பூஜ்யத்தையே அடித்துவிடுவார்கள். ரகரமும் 7உம் இதே போலக் குழம்பும். நம் தமிழ் எண் ஒன்றும் ககரமும் போலத்தான், கண்ணுக்கு ஒன்று, கணினிக்கு இரண்டு. மாற்றியும் இதை எப்போதும் பிடிப்பதில்லை. நிரலில் ஒரு வரி சேர்த்து அனுப்புகிறேன்: பூஜ்யத்துக்குப் பக்கத்தில் வேறு எண் இல்லாமல் எழுத்தோ குறியோ இருந்தால் அதை வகரமாக்கிவிடும். தேதி, போன் எண் உள்ள வரிகளை மட்டும் ஒருமுறை கண்ணால் சரிபாருங்கள்.

பர்மா காலனிக்காரன்:

"வன்" என்றால் வயிறு. "தா" என்றால் இதமாக இருப்பது. உங்கள் அத்தை தமிழில் "வயிறு குளிர்ந்தது" என்று சொல்லியிருந்தால் பிள்ளை அதைத்தான் அடித்திருப்பான்.

மோல்மேன் பேத்தி:

34 இடம் வந்தது. அப்பாவிடம் கேட்டேன், அத்தை அப்படித்தான் சொல்வாராம்.

ஆபரேஷன் முடிந்து டாக்டர் வாசிக்கலாம் என்றதும் 231 செய்திகளையும் தாளில் அச்சிட்டுத் தர நினைக்கிறேன். போனைவிடத் தாள்தான் அவருக்கு வசதி. பெரிய எழுத்தில் தெளிவாக வர எந்த எழுத்துரு நல்லது?

எழுத்துக்கோர்ப்பவன்:

பதாவ்க். இலவசம், யூனிகோட், கொம்பும் புள்ளியும் தெளிவாக இருக்கும். அளவு 18 வையுங்கள். குறிகள் மேலும் கீழும் போவதால் வரி இடைவெளியைக் கொஞ்சம் கூட்டுங்கள், இல்லாவிட்டால் அடுத்த வரியில் இடிக்கும்.

பர்மா காலனிக்காரன்:

பதாவ்க் என்பது அங்கே சித்திரைத் தண்ணீர்த் திருவிழா சமயத்தில், முதல் மழைக்குப் பூக்கும் மரம். நம் வேங்கை வகை, மஞ்சள் பூ. அந்தப் பெயரை உங்கள் அப்பாவிடம் சொல்லுங்கள் அம்மா, அவருக்கு ஞாபகம் இருக்கும்.