பாஸ்பரஸ் ஓராக்சைடு: ‘நிலையற்ற வளிமம்’ என்னும் விளக்கம் பொருந்துமா?

நண்பர்களுக்கு வணக்கம்.

ஒரு பாஸ்பரஸ் அணுவும் ஓர் ஆக்சிஜன் அணுவும் சேர்ந்த மூலக்கூறுக்கு நம் கலைச்சொல் பட்டியலில் முன்மொழியப்பட்டுள்ள ‘பாஸ்பரஸ் ஓராக்சைடு’ என்னும் பெயரை நானும் வழிமொழிகிறேன். ‘மோனாக்சைடு’ பாடநூல்களில் ஊன்றிவிட்ட வடிவம்தான். ஆனால் ஓராக்சைடு, ஈராக்சைடு என வரிசைப்படுத்தினால் அணுக்களின் எண்ணிக்கை மாணவருக்குச் சொல்லிலேயே விளங்கிவிடுகிறது. பாஸ்பரஸின் ட்ரை ஆக்சைடும் பென்டாக்சைடும் உண்மையில் நான்கு பாஸ்பரஸ் அணுக்கள் கொண்ட கூண்டு மூலக்கூறுகள்; அப்பெயர்கள் எளிய விகிதத்தை மட்டுமே சுட்டுகின்றன. ஓராக்சைடில் அந்தச் சிக்கல் இல்லை.

என் மறுப்பெல்லாம் பெயரையடுத்துத் தரப்பட்டுள்ள ‘நிலையற்ற வளிமம்’ என்ற விளக்கத்தின் மீதுதான். இம்மூலக்கூறின் பிணைப்பை உடைக்க மோலுக்கு ஏறத்தாழ 590 கிலோஜூல் ஆற்றல் வேண்டும். ஆக்சிஜன் மூலக்கூறைப் பிளக்கவோ 498 கிலோஜூலே போதும். இவ்வளவு உறுதியான பிணைப்பை உடைய ஒன்றை நிலையற்றது என்றால், அது தானே சிதைந்துவிடும் என்று படிப்பவர் எண்ணுவார். உண்மையில் இணைசேராத எலக்ட்ரான் ஒன்று இருப்பதால், அது எதிர்ப்படும் மூலக்கூறுகளுடன் விரைந்து வினைபுரிந்து மறைகிறது. இதே வகை எலக்ட்ரான் அமைப்புடைய நைட்ரிக் ஆக்சைடை உருளைகளில் அடைத்து வைக்க முடிகிறது. பாஸ்பரஸோ ஆக்சிஜனுடன் ஒற்றைப் பிணைப்புகளால் கூண்டு அமைப்பதையே நாடுவதால், ஓராக்சைடைச் சேமித்து வைக்க இயலுவதில்லை.

அது எங்கெங்கே காணப்படுகிறது என்பதும் இதையே உணர்த்துகிறது. பாஸ்பரஸ் சேர்மங்களைச் சுடரில் இட்டால், புற ஊதாப் பகுதியில் 246, 324 நானோமீட்டர்களை ஒட்டி இம்மூலக்கூறுக்குரிய ஒளிப்பட்டைகள் தோன்றும். 2007இல் பெருநாய் விண்மீன் குழுவிலுள்ள விஒய் என்னும் சிவப்பு மீப்பெரு விண்மீனைச் சூழ்ந்த வளிமத்திலும் அது கண்டறியப்பட்டது. மூலக்கூறுகள் ஒன்றையொன்று எதிர்கொள்வதே அரிதான அத்தகைய வெளியில் அதற்கு நீண்ட ஆயுள் உண்டு.

பெயரிலேயே ‘தனி உறுப்பு’ (இணைசேராத எலக்ட்ரான் உடைய துகள், free radical) என்பதைச் சேர்க்கலாம் என்ற கருத்தையும் என்னால் ஏற்க இயலவில்லை. நைட்ரிக் ஆக்சைடும் தனி உறுப்புதான். அதன் பெயரில் நாம் அதைச் சேர்ப்பதில்லையே. ஆகவே பட்டியலில் இவ்வாறு பதிய வேண்டுகிறேன்: “பாஸ்பரஸ் ஓராக்சைடு: ஈரணுத் தனி உறுப்பு; வளிம நிலையில் மட்டும் அறியப்படுவது; வலிய பிணைப்பும் மிகுந்த வினைத்திறனும் உடையது.” ‘வினைத்திறன்’, ‘வினைபடு திறன்’ இரண்டில் எதைக் கொள்வது என்பதை மட்டும் நண்பர்கள் முடிவுசெய்ய வேண்டும், என் தெரிவு முன்னதே.