ஜார்ஜ் டெலரூவின் இசை: அழகா, அளவுக்கு மீறிய சோகமா?

நிழல்மொழி:
பிரெஞ்சு இசையமைப்பாளர் ஜார்ஜ் டெலரூவைப் பலரும் தலையில் வைத்துக் கொண்டாடுவது எனக்குப் பிடிபடவில்லை. இயக்குநர் கோதாரின் ‘ல மெப்ரி’ (1963) படத்தையே பாருங்கள். நாயகி கமீலின் பெயர் கொண்ட ‘கமீல்’ மெட்டு ஓயாமல் திரும்பத் திரும்ப வருகிறது. வயலின்கள் மெல்ல எழும்பி, ஏங்கி, தணிகின்றன. கணவனும் மனைவியும் வீட்டுக்குள் சாதாரணமாகப் பேசிக்கொண்டிருந்தாலும் அதே துக்கம். காட்சியில் இல்லாத துயரத்தை இசை கொண்டுவந்து திணிக்கிறது.

வயலின்பித்தன்:
திணிக்கிறதா? படத்தின் தொடக்கத்தைக் கவனியுங்கள். தண்டவாளத்தில் கேமரா நம்மை நோக்கி மெதுவாக நகர்ந்து வருகிறது. பெயர்கள் திரையில் எழுத்தாக வரவில்லை. கோதாரின் குரல் அவற்றைப் படிக்கிறது. கண்ணுக்குத் தெரிவது வெறும் படப்பிடிப்பு வேலை. ஆனால் டெலரூவின் இசையைக் கேட்டதுமே ஏதோ முறியப்போகிறது என்று மனம் பதறுகிறது. கமீல் தன் கணவனை வெறுக்கத் தொடங்குவது அதற்கு வெகுநேரம் கழித்துத்தான். நீங்கள் சொல்லும் ‘சாதாரணப் பேச்சு’ சாதாரணமானதல்ல என்பதை அந்த மெட்டுதான் சொல்கிறது. இத்தாலியில் வெளியான பதிப்பில் இந்த இசையை நீக்கிவிட்டு பியேரோ பிச்சியோனியின் ஜாஸ் இசையைச் சேர்த்தார்கள். காட்சி ஒன்றுதான், படம் வேறாகிவிட்டது.

நிழல்மொழி:
மெட்டை எங்கே நுழைப்பது, எங்கே சட்டென்று வெட்டுவது என்பதெல்லாம் கோதாரின் வேலை. பெருமை அவரைத்தான் சேரும். டெலரூவுக்கு ஏக்கத்தைத் தவிர வேறு என்ன வரும்? ‘ஜூல் எ ஜிம்’ படத்தில் ஜான் மொரோ பாடும் அந்தத் துள்ளலான பாட்டு ஒன்றுதான் விதிவிலக்கு.

தனிப்பயணி:
அந்தப் பாட்டு செர்ஜ் ரெஸ்வானி எழுதியது, டெலரூவுடையது அல்ல. துள்ளல் வேண்டுமென்றால் இயக்குநர் த்ரூஃபோவின் ‘லா நுயி அமெரிக்கேன்’ (1973) கேளுங்கள். பரோக் எனப்படும் பழைய (17, 18-ஆம் நூற்றாண்டு) ஐரோப்பிய இசைப் பாணியில் டிரம்பெட்டுகள் முழங்க, ஒரு படக்குழுவின் அன்றாட உழைப்பே திருவிழாவாகிறது. இசையமைப்பாளர் தாரியுஸ் மியோவிடம் பயின்ற டெலரூவுக்கு அந்தக் கட்டமைப்பு கைவந்த கலை. அதே படத்தில், இயக்குநராக நடிக்கும் த்ரூஃபோ தொலைபேசியில் புதிய மெட்டைக் கேட்டபடி ஒரு பார்சலைப் பிரிப்பார். உள்ளே அவர் நேசித்த இயக்குநர்களைப் பற்றிய புத்தகங்கள். மறுமுனையில் பேசுபவர் டெலரூவேதான்!

நிழல்மொழி:
அந்தப் படத்தின் இசை எனக்கும் பிடிக்கும். ஆனால் ஹாலிவுட்டில் என்ன ஆயிற்று? ‘எ லிட்டில் ரொமான்ஸ்’ (1979) இசைக்கு ஆஸ்கார் கிடைத்தது. அதில் மனத்தில் நிற்பது 18-ஆம் நூற்றாண்டு இசையமைப்பாளர் விவால்டியின் மெட்டு. டெலரூ இசையமைத்த ‘பிளாட்டூன்’ (1986) என்றால் எல்லோருக்கும் நினைவுக்கு வருவது சாமுவேல் பார்பரின் இசை.

வயலின்பித்தன்:
பார்பரைத் தேர்ந்தெடுத்தவர் ஆலிவர் ஸ்டோன். இயக்குநர் ஒதுக்கிய இசைக்கு டெலரூ எப்படிப் பொறுப்பாவார்? கோதார் பயன்படுத்தினால் பெருமை கோதாருக்கு, ஸ்டோன் ஒதுக்கினால் பழி டெலரூவுக்கா? ஏதாவது ஓர் அளவுகோலை வைத்துக்கொண்டு பேசுங்கள் நண்பரே.

நிழல்மொழி:
அது நியாயமான கேள்வி. ஹாலிவுட் பேச்சை விட்டுவிடுகிறேன். ‘ல மெப்ரி’ பற்றிய என் கருத்தில் மாற்றமில்லை. அந்த மெட்டு பாதி இடங்களில் வந்திருந்தாலே போதும்.