புதுப்பிப்பு: சாமின் படத்துக்கு அப்புறம் என்ன ஆனது?

புரோஜீரியா என்ற, சிறுவயதிலேயே உடல் வேகமாக முதுமையடையும் அரிய மரபணு நோயுடன் வளர்ந்த அமெரிக்கச் சிறுவன் சாம் பெர்ன்ஸைப் பற்றிய 'லைஃப் அக்கார்டிங் டு சாம்' ஆவணப்படம் (2013) குறித்து முன்பு இங்கே எழுதியிருந்தேன். படத்தில் சாமுக்குச் சோதனையாகக் கொடுத்த மருந்து என்ன ஆயிற்று, சாம் எப்படி இருக்கிறான் என்று பலர் கேட்டிருந்தீர்கள்.

சாம் இப்போது இல்லை. 2014 ஜனவரியில், 17 வயதில் இறந்துவிட்டான். படம் வெளிவந்து ஓராண்டுதான் ஆகியிருந்தது.

மருந்து நின்றுவிடவில்லை. புற்றுநோய்க்காக உருவாக்கப்பட்ட லோனாஃபார்னிப், 2020 நவம்பரில் அமெரிக்காவில் புரோஜீரியாவுக்கு அனுமதி பெற்றது. இந்த நோய்க்கென அனுமதி பெற்ற முதல் மருந்து அதுதான். முழுக் குணம் தராது, ஆயுளைக் கூட்டித் தருகிறது. சாமின் பெற்றோர் இருவருமே மருத்துவர்கள். 1999இல் அவர்கள் புரோஜீரியா ஆராய்ச்சிக்கென அறக்கட்டளை தொடங்கியபோது நோய்க்குக் காரணமான மரபணுகூடத் தெரியாது, 2003இல்தான் கண்டுபிடித்தார்கள்.

என் மனதில் நிற்பது டிரம் விஷயம்தான். பள்ளி அணிவகுப்பில் ஸ்நேர் டிரம் வாசிக்க சாமுக்கு அவ்வளவு ஆசை. தோள்பட்டைச் சட்டத்தோடு சேர்த்து டிரம் சுமார் 18 கிலோ, அவனோ 23 கிலோகூட இல்லை. வீட்டார் ஒரு பொறியாளரைப் பிடித்து, மூன்று கிலோவுக்கும் குறைவான டிரம் ஒன்றைச் செய்ய வைத்தார்கள். மாட்டிக்கொண்டு நடந்தான், வாசித்தான்.

தன்னைப் பார்த்துப் பரிதாபப்பட வேண்டாம் என்று படத்தில் அவனே சொல்லிவிடுகிறான். நோயாளிக் குடும்பங்களைப் படமெடுக்கும் நம் ஊர்க்காரர்கள் அதைக் கட்டாயம் பார்க்க வேண்டும். சோக வயலின் போடுவதற்கு முன்னால் பார்த்தால் இன்னும் நல்லது.