மாதம் எவ்வளவு என்றுதான் கேட்டேன்

குழு: திருமங்கலம் வீடு
ஞாயிறு

நான், காலை 9:12
எல்லோருக்கும் ஒரு நல்ல சேதி. பெருங்களத்தூர் வீட்டுக்கு லோன் சாங்ஷன் ஆகிவிட்டது. 50 லட்சம், 8 சதவீதம், 30 வருடம். மாதம் 36,688தான். இப்போது கொடுக்கிற வாடகை 17 ஆயிரத்தோடு இன்னொரு 20 ஆயிரம் போட்டால் சொந்த வீடு!

அம்மா, 9:14
(குரல் செய்தி, 0:52)

நான், 9:16
அம்மா, பாதிக்கு மேல் அழுகைதான் கேட்கிறது. சந்தோஷம்தானே?

அத்தை, 9:20
நல்லா இருடா கண்ணு. வாடகைக் காசு கடலில் கரைத்த பெருங்காயம். இனிமேல் உன் சுவரில் நீயே ஆணி அடிக்கலாம்.

மீனா அக்கா, 9:31
வாழ்த்துகள் டா கார்த்திக். 36,688-ஐ 360-ஆல் பெருக்கிப் பார்த்தாயா?

செல்வம் அண்ணன், 9:32
ஆரம்பித்துவிட்டாள் கணக்கு டீச்சர். ஞாயிற்றுக்கிழமை கூட விடமாட்டாயா?

நான், 9:35
1,32,07,680 வருகிறது. எதையோ தப்பாக அழுத்திவிட்டேன் என்று மறுபடி போட்டேன். அதேதான் வருகிறது.

மீனா அக்கா, 9:36
தப்பே இல்லை. அசல் 50 லட்சம், வட்டி 82 லட்சம்.

அம்மா, 9:38
ஐயோ. தம்பி, நீ கொஞ்சம் என்னவென்று பாரேன். உன் மருமகனை யாரோ ஏமாற்றுகிறார்கள்.

மாமா, 9:50
அக்கா, யாரும் ஏமாற்றவில்லை. வங்கிக் கவுண்டருக்கு அந்தப் பக்கம் 31 வருடம் உட்கார்ந்தவன் சொல்கிறேன். வருகிறவர்கள் எல்லோரும் "மாதம் எவ்வளவு" என்றுதான் கேட்பார்கள். "மொத்தம் எவ்வளவு" என்று கேட்டவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். கேட்காததை நாங்களும் சொன்னதில்லை, அதையும் ஒத்துக்கொள்கிறேன்.

மாப்பிள்ளை, கேள். 50 லட்சத்துக்கு 8 சதவீதம் என்றால் வருடத்துக்கு 4 லட்சம். பன்னிரண்டால் வகுத்தால் 33,333. முதல் மாதம் நீ கட்டும் 36,688-இல் இவ்வளவும் வட்டிக்குப் போய்விடும். அசலில் கழிவது 3,355.

நான், 9:52
வெறும் 3,355-ஆ? அது என் பைக் பெட்ரோல் செலவு மாமா.

மாமா, 9:55
ஆமாம். அடுத்த மாதம் வட்டி 33,311. இருபத்திரண்டு ரூபாய் குறைந்திருக்கும். அசல் கரையக் கரையத்தான் வட்டி குறையும். ஆரம்பத்தில் அசல் கரைவதே இல்லையே, வட்டி எப்படிக் குறையும்?

மீனா அக்கா, 10:04
வருடத்தைக் குறைத்துப் போட்டுப் பார்த்தேன். 20 வருடம் என்றால் மாதம் 41,822. மொத்த வட்டி 50 லட்சத்து 37 ஆயிரம் சொச்சம். 15 வருடம் என்றால் மாதம் 47,783, வட்டி 36 லட்சம். அதாவது 30-ஐ 20 ஆக்க மாதம் 5,134 கூடக் கட்டுகிறாய். அதற்கு 31 லட்சத்துக்கு மேல் மிச்சம். உனக்குக் கையில் 85 ஆயிரம் வருகிறது. இந்த ஐயாயிரம் முடியாதா?

நான், 10:06
முடியும் என்றுதான் நினைக்கிறேன். அந்த ஆபீசர்தான் "30 வருடமே போடுங்கள் சார், சுமை தெரியாது" என்றார்.

மாமா, 10:07
சுமை தெரியாது, வாஸ்தவம். இறங்கவும் இறங்காது.

அத்தை, 10:15
என்னப்பா எல்லோரும் சேர்ந்து பிள்ளையைப் பயமுறுத்துகிறீர்கள். 1998-இல் நாங்கள் இந்த வீட்டுக்கு மாதம் 2,400 கட்டினோம். அப்போது என் வீட்டுக்காரர் சம்பளத்தில் பாதி. கடைசி வருடங்களில் அது மளிகைக் கடைப் பாக்கிக்குக்கூட வராத காசு. வட்டியைப் பார்த்துப் பயந்திருந்தால் இன்றைக்கும் வாடகை வீடுதான்.

மாமா, 10:22
மதினி சொல்வதில் நியாயம் இருக்கிறது. விலைவாசி வருடம் 5 சதவீதம் ஏறினால், 20 வருடம் கழித்துக் கட்டப்போகும் 41,822 இன்றைய மதிப்பில் பதினாறாயிரத்துக்கும் குறைவு. அதனால் "82 லட்சம் போச்சு" என்று நெஞ்சில் அடித்துக்கொள்ள வேண்டாம். ஆனால் அது சம்பளமும் கூடவே ஏறுகிறவனுக்குத்தான் பொருந்தும். ஐடி வேலையில் 50 வயதில் என்ன ஆகும் என்று யாருக்குத் தெரியும்? 30 வருடம் போட்டால் கடைசித் தவணையின்போது இவனுக்கு 61.

நான், 10:24
வருமான வரியில் கொஞ்சம் திரும்பி வரும் அல்லவா?

மீனா அக்கா, 10:27
நீ எந்த வரி முறையில் இருக்கிறாய், பழையதா புதியதா? புதிய முறை என்றால், நீயே குடியிருக்கும் வீட்டுக்கான வட்டிக்குக் கழிவு கிடையாது. பழைய முறையில்தான் வருடம் 2 லட்சம் வரை. நீ எதையும் தேர்வு செய்யாமல் விட்டால் புதிய முறையில்தான் கணக்குப் போடுவார்கள்.

நான், 10:28
புதிய முறைதான். அந்த ஆபீசர் இதைச் சொல்லவே இல்லை.

மீனா அக்கா, 10:30
அவர் கொடுத்த கடிதத்தை முழுசாகப் போட்டோ எடுத்துப் போடு. முக்கியத் தகவல் அறிக்கை என்று ஒரு தாள் இருக்கும். 2024 அக்டோபரிலிருந்து இந்த மாதிரிப் புதுக் கடனுக்கெல்லாம் அதைக் கொடுத்தாக வேண்டும். எல்லாக் கட்டணமும் சேர்த்தால் உண்மையான வட்டி எவ்வளவு வருகிறது என்று அதில் போட்டிருக்கும்.

நான், 10:41
(படம்) (படம்) (படம்)

மீனா அக்கா, 10:49
தம்பி, நீ சொன்னது 36,688. மூன்றாவது பக்கத்தில் மாதத் தவணை 37,569 என்று இருக்கிறதே.

நான், 10:50
என்ன?

மீனா அக்கா, 10:52
கடன் தொகையே 51 லட்சத்து 20 ஆயிரம். "காப்பீட்டு பிரீமியம் 1,20,000" என்று கடனோடு சேர்த்திருக்கிறார்கள்.

நான், 10:53
அது கட்டாயம் என்று சொன்னாரே. கையெழுத்துப் போடும்போது ஃபேன் சத்தத்தில் பாதி கேட்கவில்லை.

மாமா, 10:58
சட்டப்படி கட்டாயம் இல்லை. அந்த 1,20,000-க்கும் 30 வருடம் வட்டி ஓடும். முடியும்போது 3 லட்சத்து 17 ஆயிரம் கட்டியிருப்பாய். உனக்கு ஒன்று ஆனால் குடும்பத்துக்குக் கடன் நிற்கக்கூடாது, அந்த எண்ணம் சரிதான். அதற்குத் தனியாக டெர்ம் பாலிசி எடு, ஆள் போனால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் காப்பீடு அது. வருடா வருடம் கட்டு. கடனில் சேர்க்காதே. நாளைக்கே போய் அந்த பிரீமியத்தைக் கடனிலிருந்து நீக்கச் சொல். எழுத்தில் கேள்.

அம்மா, 11:02
கையில் எவ்வளவு போட வேண்டும்? என் இரண்டு வளையல் சும்மாதான் இருக்கிறது.

மாமா, 11:09
அக்கா, வளையலை உள்ளே வை. கார்த்திக், வீடு 65 லட்சம். இந்த அளவுக் கடனுக்கு விலையில் 80 சதவீதத்துக்கு மேல் வங்கி கொடுக்கக் கூடாது. உன் கடன் 50 லட்சம், ஆக 15 லட்சம் உன் கையிலிருந்து. பழைய வீடு என்பதால் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2. ஒன்பது சதவீதம், 5 லட்சத்து 85 ஆயிரம். அதைக் கடனில் சேர்க்க முடியாது. புரோக்கர், வக்கீல், பெயின்ட், அசோசியேஷன் எல்லாம் அதற்கு மேல். அதற்குப் பணம் இருக்கிறதா?

நான், 11:12
22 லட்சம் இருக்கிறது. துடைத்து எடுத்தால் சரியாக வரும்.

மாமா, 11:13
துடைத்து எடுக்காதே. வேலை போனால் ஆறு மாதத் தவணைக்குப் பணம் எங்கே? விற்பவரிடம் இன்னும் இரண்டு லட்சம் குறைத்துப் பேசு. பழைய வீட்டுக்குக் குறைப்பார்கள்.

செல்வம் அண்ணன், 11:40
சரி, நானும் ஒன்று சொல்கிறேன். தம்பி, வட்டி 8 சதவீதம் என்று எல்லோரும் கணக்குப் போடுகிறார்கள், அது அப்படியே நிற்காது. நான் 2021 செப்டம்பரில் 40 லட்சம் எடுத்தேன், 6.7 சதவீதம், 20 வருடம். மாதம் 30,296. ஆஹா என்று இருந்தது. அப்போது ரெப்போ, அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கொடுக்கும் கடனுக்கான வட்டி, 4 சதவீதம். 2022 மே மாதம் ஏற ஆரம்பித்து 2023 பிப்ரவரியில் 6.5-க்கு வந்துவிட்டது. என் வட்டியும் கூடவே ஏறி 9.2. தவணைத் தொகை மட்டும் அதே 30,296. எனக்கு மெசேஜ் வந்ததாம், "உங்கள் தவணைக் காலம் மாற்றப்பட்டுள்ளது" என்று. ஓடிபி குப்பையோடு குப்பையாகப் போய்விட்டது.

நான், 11:41
தொகை மாறவில்லை என்றால் நல்லதுதானே?

செல்வம் அண்ணன், 11:46
நானும் அப்படித்தான் நினைத்தேன். 2023 மார்ச்சில் வேறு வேலையாக வங்கிக்குப் போனேன். மேனேஜர் திரையைத் திருப்பிக் காட்டினார். ஒன்றரை வருடம் கட்டியும் அசலில் ஒன்றரை லட்சம்தான் குறைந்திருந்தது. புது வட்டி மாதம் 29,500. இதே தவணையைக் கட்டினால் இன்னும் 40 வருடம் ஆகும் சார், அதுவரைக்கும் எங்களால் விட முடியாது என்றார். எனக்கு அப்போது 39 வயது.

மீனா அக்கா, 11:48
இரு, போட்டுப் பார்க்கிறேன். ஆமாம், சுமார் 480 மாதம் வருகிறது. பழைய கெடுவிலேயே முடிக்க வேண்டும் என்றால் தவணை 36 ஆயிரத்துக்கு மேல் போயிருக்க வேண்டும்.

செல்வம் அண்ணன், 11:53
அதேதான். அந்த வருடம் வந்த போனஸ் மூன்று லட்சத்தை அப்படியே அசலில் கட்டினேன். தவணையை 33,300 ஆக்கிக்கொண்டேன். பழைய கெடுவுக்கு வந்துவிட்டது. ரேவதியிடம் மட்டும் கம்பெனியில் போனஸ் தரவில்லை என்று சொல்லிவிட்டேன், அவள் ஆரம் வாங்கணும் என்று இருந்தாள். யாரும் வாய் விட்டுவிடாதீர்கள்.

மீனா அக்கா, 11:54
அண்ணா, யோசித்துத்தான் போட்டாயா?

செல்வம் அண்ணன், 11:55
தம்பிக்குத் தெரியட்டும் என்றுதான் போட்டேன். இதில் யோசிக்க என்ன இருக்கிறது?

மாமா, 12:03
செல்வம் செய்தது சரியான காரியம். 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கியே சொல்லிவிட்டது, வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும் என்று. ஆனால் நீ வாய் திறக்காவிட்டால் காலம்தான் நீளும். 2025-இல் ரெப்போ நான்கு தடவையாக 5.25-க்கு இறங்கியது. செல்வம், உன் வட்டி இறங்கியதா என்று பார்த்தாயா? ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் இருக்கிறதே, அதைப் புதிதாக வருகிறவர்களுக்குக் குறைப்பார்கள். பழைய ஆள் போய்க் கேட்டால்தான் குறைப்பார்கள். கொஞ்சம் கட்டணம் வாங்குவார்கள், பரவாயில்லை.

நான், 12:10
மாமா, ஒரு யோசனை. 30 வருடமே போட்டுவிட்டு, கையில் காசு இருக்கும்போது கூடுதலாகக் கட்டினால்? முன்கூட்டிக் கட்டினால் அபராதம் உண்டா?

மாமா, 12:14
மாறும் வட்டியில் தனி ஆள் எடுக்கும் வீட்டுக் கடனுக்கு வங்கி அபராதம் வாங்கக் கூடாது, 2012-லிருந்தே. உன் யோசனை தப்பில்லை. வேலை போனால் சின்னத் தவணை உனக்குப் பாதுகாப்பு.

மீனா அக்கா, 12:16
மாமா, இவன் கட்டவே மாட்டான். ஜிம்முக்கு ஒரு வருடப் பணம் கட்டிவிட்டு நாலு நாள் போன ஆள் இவன். 20 வருடமே போடட்டும். வருடத்துக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாக, பதின்மூன்றாவது மாதம் மாதிரி கட்டட்டும். அதிலேயே மூன்று வருடத்துக்கு மேல் குறையும், ஒன்பது லட்சத்துக்கு மேல் வட்டி மிச்சம்.

மாமா, 12:18
கட்டும்போது "தவணையைக் குறைக்காதீர்கள், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடு. ஆரம்ப வருடங்களில் கட்டு. பதினைந்தாம் வருடம் கட்டினால் வட்டி ஏற்கெனவே போயிருக்கும்.

நான், 12:30
சரி. நாளைக்கு வங்கிக்குப் போகிறேன். காப்பீடு வேண்டாம், 20 வருடம், தொகை 50 லட்சம். வீட்டுக்காரரிடமும் விலை பேசுகிறேன்.

அம்மா, 12:33
சமையலறைக்கு ஜன்னல் இருக்கிறதா, அதை முதலில் சொல்.

நான், 12:34
இருக்கிறது அம்மா. பக்கத்து வீட்டுச் சுவர் தெரியும்.

ரேவதி அண்ணி, 1:05
திருச்சியிலிருந்து பஸ்ஸில் வருகிறேன். இப்போதுதான் எல்லாவற்றையும் படித்தேன். கார்த்திக், வாழ்த்துகள்.

செல்வம் அண்ணன், 1:06
இந்தச் செய்தி நீக்கப்பட்டது.

ரேவதி அண்ணி, 1:07
நீக்க வேண்டாம். மூன்று மணிக்கு மாட்டுத்தாவணி வந்துவிடுவேன், வண்டி எடுத்துக்கொண்டு வாருங்கள். வங்கிப் புத்தகத்தையும் எடுத்து வாருங்கள்.

மாமா, 1:09
மாப்பிள்ளை கார்த்திக், அந்த டெர்ம் பாலிசி விஷயத்தைச் செல்வத்துக்கும் சேர்த்து விசாரி.