கொரியத் திரைச்சொற்கள்: 'கக்சேக்' தழுவலா?

> கொரியத் திரைக்கதையாசிரியர் ஜோங் சோ-கியோங் பற்றிய கட்டுரையில் 'கக்சேக்' என்ற சொல்லுக்குத் 'தழுவல்' போதாதா? அகராதியும் அதைத்தானே சொல்கிறது?

ஐயா, வணக்கம். அகராதிப்படி சரிதான். ஆனால் டைட்டில் கார்டில் அந்தச் சொல்லுக்கு வேறு வேலையும் இருக்கிறது. 'வொன்ஜாக்' என்றால் மூலக்கதை, 'கக்பொன்' என்றால் திரைக்கதை. ஒருவர் எழுதிய திரைக்கதையை இன்னொருவர் உட்கார்ந்து மாற்றி எழுதினால் அவருக்குப் போடுவது 'கக்சேக்'. நாவல் வாசனையே இல்லாத சொந்தக் கதைப் படத்திலும் அது வரும். அங்கே போய்த் 'தழுவல்' என்று எழுதினால், எந்த நாவல் என்று வாசகர் தேட ஆரம்பித்துவிடுவார்.

ஜோங்கின் படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 2016-இல் வந்த 'தி ஹேண்ட்மெய்டன்' சந்தேகமே இல்லாத தழுவல். விக்டோரியா காலத்து இங்கிலாந்தில் நடக்கும் சாரா வாட்டர்ஸ் நாவலை, ஜப்பானியர் ஆண்ட 1930-களின் கொரியாவுக்குக் கொண்டுபோனார்கள். ஆனால் அதில் ஜோங்குக்கும் இயக்குநர் பார்க் சான்-வூக்குக்கும் போட்ட கார்டு 'கக்பொன்'! இதற்குமேல் என்ன சாட்சி வேண்டும்?

2005-இன் 'லேடி வெஞ்சன்ஸ்' முதல் 2022-இன் 'டிசிஷன் டு லீவ்' வரை இருவரும் சேர்ந்து எழுதியிருக்கிறார்கள். ஒரே கணினி, இரண்டு திரை, இரண்டு விசைப்பலகை. ஒருவர் தட்டிய வசனத்தை மற்றவர் அங்கேயே அழித்து வேறு போடலாம். இதில் எழுதியவர் யார், மாற்றியவர் யார் என்று பிரிக்க முடியாது. இவர்களுக்கு 'இணைத் திரைக்கதை' என்பதே பொருத்தம்.

'பாரசைட்' வேறு வகை. இயக்குநர் போங் ஜூன்-ஹோ சுமார் 15 பக்க டிரீட்மென்ட் (கதையின் விரிவான சுருக்கம்) கொடுக்க, அவருடைய உதவியாளர் ஹான் ஜின்-வோன் அதை மூன்று வரைவுகளாக வளர்த்தார். அப்புறம் போங் வாங்கி எழுதி முடித்தார். கைமாறி எழுதியும் இருவருக்கும் 'கக்பொன்'தான்; 2020-இல் ஆஸ்கரும் இருவருக்கும். உதவியாளர்தானே என்று ஹானைக் 'கக்சேக்'கில் தள்ளிவிடவில்லை. நம்மூரில் இந்த உழைப்பு பெரும்பாலும் 'கதை விவாதம்' என்ற கார்டில் பத்துப் பெயர்களோடு கரைந்துபோயிருக்கும்.

ஆகவே 'கக்சேக்' என்பதற்கு 'மறுவரைவு' என்று முன்மொழிகிறேன். 'திருத்தம்' என்றால் பிழை பார்த்தது போலிருக்கிறது. 'செம்மையாக்கம்' என்றதும் சுவடியும் பாடபேதமும்தான் நினைவுக்கு வருகின்றன.

> 'மறுவரைவு' சரி. ஆனால் ஆளைக் குறிக்க 'மறுவரைவாளர்' என்றால் படம் வரைபவர் போலக் கேட்கிறதே, தம்பி? 'மறுஆக்கம்' எப்படி?

'மறுஆக்கம்' என்றால் ரீமேக் என்று எடுத்துக்கொள்வார்கள், ஐயா. ஆளுக்குத் தனிச்சொல்லே வேண்டாம். கார்டில் 'மறுவரைவு' என்று போட்டுப் பக்கத்தில் பெயரை எழுதினால் போதும். 'இசை', 'ஒளிப்பதிவு' எல்லாம் அப்படித்தானே வருகின்றன? நாவலிலிருந்து எடுத்த படங்களுக்குத் 'தழுவல்' இருக்கட்டும். மறுப்பு இல்லையென்றால் கலைச்சொல் பட்டியலில் ஏற்றிவிடுகிறேன்.