சிறுவர் புத்தகம் வாங்குவதா, நாங்களே எழுதுவதா? பூரா பெல்ப்ரேயை முன்வைத்து

குளக்கட்டு:
எங்கள் ஊர் வாசிகசாலையில் சிறுவர் பகுதி தொடங்குவதற்கு வெளிநாட்டில் இருக்கும் ஊர்ச்சனம் காசு சேர்த்து அனுப்பியிருக்கிறது. முழுக் காசுக்கும் சென்னையிலிருந்து புத்தகம் எடுப்பதென்று நிர்வாகக் கூட்டத்தில் பேச்சு. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. அரைவாசிக் காசை ஒதுக்கி, வன்னியில் சொல்லப்படும் கதைகளைச் சின்னப் புத்தகங்களாக நாங்களே போட வேண்டும். எழுதுவதற்கு எங்கள் நூலகப் பொறுப்பாளரை விடப் பொருத்தமான ஆள் இல்லை.

இப்படிச் செய்து காட்டியவர் பூரா பெல்ப்ரே என்ற நூலகர். ஸ்பானிய மொழி பேசும் புவேர்ட்டோ ரிக்கோத் தீவில் பிறந்தவர். ஆசிரியராக வரவென்று படிக்கத் தொடங்கியவர், 1920இல் சகோதரியின் கலியாணத்துக்கு நியூயோர்க் போய் அங்கேயே தங்கிவிட்டார். முதலில் தையல் தொழிற்சாலையில் வேலை. 1921இல் ஹார்லம் 135ஆம் தெரு நூலகக் கிளைக்கு ஸ்பானிய மொழி தெரிந்த ஒருவர் தேவைப்பட, அங்கே சேர்ந்தார். நியூயோர்க் பொது நூலகத்தின் முதல் புவேர்ட்டோ ரிக்கோ நூலகர் அவர்தான். சிறுவர் பகுதியில் எத்தனையோ நாட்டுக் கதைகள் இருந்தன. தன் ஆச்சி சொன்ன கதை ஒன்றுகூட இல்லை. நூலகப் பயிற்சிக்குப் போனபோது, கதைசொல்லும் வகுப்பில் அந்த ஆச்சியின் கதையையே எழுதிச் சொன்னார்: மார்ட்டினா என்ற கரப்பான்பூச்சி, பெரெஸ் என்ற எலியைக் கலியாணம் கட்டும் கதை. 1932இல் அது புத்தகமாக வந்தது. தட்டில் எது இல்லை என்பது தினமும் தட்டுக்கு முன்னால் நிற்கிறவருக்குத்தான் தெரியும்.

கணக்குப்பிள்ளை:
தம்பி, நல்ல கதை. ஆனால் பாதியைத்தான் சொல்லியிருக்கிறீர். நியூயோர்க் பொது நூலகத்தில் 1906 தொடக்கம் சிறுவருக்கென்று தனிப் பிரிவே இருந்தது. கதை சொல்வது அங்கே சம்பளத்தோடு சேர்ந்த வேலை. அதற்குப் பயிற்சியும் கொடுத்தார்கள். எங்கள் பொறுப்பாளர் தனி ஆள். கூட்டுவது, பேப்பர் அடுக்குவது, இரவல் பதிவது, மாலையில் பூட்டுவது எல்லாம் அந்தப் பிள்ளைதான். கொடுப்பனவு எவ்வளவென்று கணக்கு எழுதுகிற எனக்குத் தெரியும். இதற்கு மேல் எழுத்தையும் தலையில் கட்டுவது நியாயமா?

இன்னொன்று. பெல்ப்ரேயின் முதல் புத்தகம் 1932. நாட்டார் கதைத் தொகுப்பு 1946. இடையில் பதினான்கு வருடம். 1943இல் அவர் கலியாணம் கட்டினார், கணவர் கிளாரன்ஸ் கமரன் வைட் என்ற இசைக்கலைஞர். அதற்குப் பிறகு நூலக வேலையை விட்டுத்தான் எழுத்தில் முழுதாக இறங்கினார். நூலகம் நடத்திக்கொண்டே புத்தகமும் எழுதுவது அவருக்கே சுலபமாக இருக்கவில்லை.

குளக்கட்டு:
அண்ணை, அந்தப் பதினான்கு வருடமும் அவர் சும்மா இருக்கவில்லையே. 115ஆம் தெருக் கிளையில் ஸ்பானிய மொழியிலும் ஆங்கிலத்திலும் கதை நேரம் நடத்தினார். பொம்மலாட்டம் போட்டார். ஜனவரி 6இல் வரும் மூன்று அரசர் திருநாளை நூலகத்துக்குள்ளேயே கொண்டாடினார். நூலகம் தங்களுக்கான இடமில்லை என்று ஒதுங்கி நின்ற தாய் தகப்பன்மார் அதற்குப் பிறகுதான் உள்ளே வந்தார்கள். புத்தகம் ஆறுதலாக வரட்டும். வாயால் சொல்வதற்கு அச்சுக்கூலி தேவையில்லை.

கொடுப்பனவு பற்றி நீங்கள் சொல்வது சரி. அதற்காகத்தான் காசு ஒதுக்கச் சொல்கிறேன். அச்சகத்துக்கு மட்டும் இல்லை, எழுதுகிறவருக்கும் சேர்த்து.

ரொறன்ரோ வன்னியன்:
காசு அனுப்பியவர்களில் நானும் ஒருவன். பெல்ப்ரே புலம்பெயர்ந்த ஊரில், இன்னொரு மொழிக்காரர் நடுவில் இருந்து எழுதினார். அவர் நின்ற இடத்தில் இன்றைக்கு நிற்பது நாங்கள்தான். என் பிள்ளைகள் படிக்கிற பள்ளிக்கூட நூலகத்தில் எங்கள் கதை ஒன்றுகூட இல்லை. வன்னிப் பிள்ளைக்கு அந்தக் குறை எங்கே இருக்கிறது? தமிழிலேயே படிக்கிறார்கள், வீட்டில் ஆச்சிமார் இருக்கிறார்கள், வைகாசியில் வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலுக்குப் போனால் உப்புநீரில் விளக்கெரிவதைக் கண்ணாலேயே பார்க்கிறார்கள். அவர்களுக்குத் தேவை வெளி உலகம். நல்ல விஞ்ஞானப் புத்தகம், நல்ல படப் புத்தகம் வாங்கிக் கொடுங்கள்.

குளக்கட்டு:
ஆச்சிமார் இருக்கிறார்கள் என்பதை நானும் ஒத்துக்கொள்கிறேன் அண்ணை. ஆனால் எத்தனை நாளைக்கு? வன்னிச் சனம் எத்தனை தரம் இடம்பெயர்ந்தது என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. 2009இல் கொப்பி, கூத்து ஏடு, ஓமோனியம் எல்லாவற்றையும் விட்டுவிட்டுத்தான் நடந்தார்கள். வயலுக்குள் இறங்கும் காட்டுப்பன்றிகளைப் பற்றிய பண்டிப் பள்ளு, குருவிப் பள்ளு என்று பெயரைச் சொன்னால் எங்கள் ஊரில் எத்தனை பிள்ளைகளுக்குத் தெரியும்? ஆராய்ச்சியாளர் தொகுத்தவை இருக்கின்றன, நூலகம் நிறுவனத்தின் இணையத்தில் ஈழத்துப் பழைய நூல்கள் ஏராளமாகக் கிடக்கின்றன. எட்டு வயதுப் பிள்ளை போய் அதைத் தட்டிப் படிக்காது. அந்தப் பிள்ளையின் கைக்கு ஏற்ற வடிவில் யாராவது எழுதித்தான் ஆகவேண்டும்.

மாங்குளம் ரீச்சர்:
எனக்குக் காசு பிரச்சினை இல்லை. கதைதான் பிரச்சினை. அந்தப் பெரெஸ், மார்ட்டினா கதை எப்படி முடிகிறது என்று யாரும் சொல்லவில்லை. நத்தாருக்கு மார்ட்டினா இனிப்புக் காய்ச்சுகிறாள். ருசி பார்க்கப் போன பெரெஸ் கொதிக்கிற சட்டிக்குள் விழுந்து செத்துப்போகிறான். மார்ட்டினா அழுதுகொண்டு நிற்கிறாள். எங்கள் பக்கத்துக்கு வாருங்கள். வேலப்பணிக்கன் பெண்சாதி அரியாத்தை மதயானையையே அடக்கிக் கட்டுகிறாள். பிறகு பொறாமையில் நஞ்சு வைத்து அவளைக் கொல்கிறார்கள். அந்தக் கதை எங்களிடம் வந்து சேர்ந்ததே ஒப்பாரிப் பாட்டாகத்தான்.

இப்போது ஐந்தாம் ஆண்டு படிக்கும் பிள்ளைகள் 2009க்குப் பிறகு பிறந்தவர்கள், உண்மைதான். ஆனால் அவர்கள் வளர்கிற வீடுகளில் சுவரில் மாலை போட்ட படம் தொங்குகிறது. அம்மா திடீரென்று பேசாமல் இருக்கிற நாட்கள் இருக்கின்றன. அந்தப் பிள்ளைக்கு வாசிகசாலையிலும் சாவா? சிரிக்கிற கதை கொடுங்கள். நாட்டார் கதை என்றால் முடிவை மாற்றிக் கொடுங்கள்.

வாசிகசாலைப் பொறுப்பு:
என்னைப் பற்றியே கதைப்பதால் நானும் எழுதுகிறேன்.

ரீச்சர், எங்கள் சிறுவர் தட்டு எப்படி இருக்கிறதென்று முதலில் சொல்கிறேன். ஓரம் கிழிந்து கறுத்துப்போனவை எல்லாம் புலமைப்பரிசில் கடந்தகால வினாத்தாள் தொகுப்புகள். ஒட்டுநாடா ஒட்டி ஒட்டி அட்டையே தடித்துவிட்டது. கதைப் புத்தகங்கள் அன்பளிப்பாக வந்த நாள் போலவே புதிதாக இருக்கின்றன. ஒக்ரோபரில் வாசிப்பு மாதம் வந்தால் போட்டிக்காக எடுப்பார்கள், முடிந்ததும் திருப்பித் தந்துவிடுவார்கள். சென்னையிலிருந்து இன்னும் நூறு புத்தகம் வந்தாலும் யாராவது பக்கத்தில் இருந்து வாசித்துக் காட்டாவிட்டால் அதே கதிதான். இதைக் கணக்குப்பிள்ளை அண்ணையும் யோசிக்க வேண்டும்.

அரியாத்தை கதையைப் போன மாரியில் மழை விடாத ஒரு பின்னேரம் நான் சொல்லியிருக்கிறேன். முடிவை மாற்றவில்லை. ஒரு சின்னவள் கேட்டாள், "அப்ப யானை வேலி அடிக்கேல்லையோ?" அவளுடைய வீட்டுத் தென்னையை அந்தக் கிழமைதான் யானை முறித்திருந்தது. அதற்குப் பிறகு அரைமணித்தியாலம் யானைக் கதைதான். வெடி கொளுத்துவது, தகரம் தட்டுவது, மாமா மரத்தில் ஏறியது என்று ஆளுக்கொரு கதை. நஞ்சு வைத்தவர்கள் மேல் கோபப்பட்டார்கள். ஒருவரும் பயந்து அழவில்லை. சாவு இருக்கிற வீட்டில் வளர்கிற பிள்ளைக்கு, அதைப் பற்றி வாய்திறந்து கேட்க ஓர் இடம் வேண்டும். கதை அந்த இடத்தைக் கொடுக்கிறது. பெல்ப்ரேயும் பெரெஸைக் காப்பாற்றவில்லை. ஆச்சி சொன்னபடியேதான் விட்டார்.

மாங்குளம் ரீச்சர்:
தங்கச்சி, நீர் பக்கத்தில் இருந்து சொன்னீர், முகத்தைப் பார்த்துச் சொன்னீர். ஒரு பிள்ளை வாடினால் உடனே நிறுத்தியிருப்பீர். புத்தகம் அப்படி நிறுத்தாது. வீட்டுக்கு எடுத்துப் போய் இருட்டில் தனியாக வாசிக்கிற பிள்ளையை யார் பார்ப்பது? சொல்லுங்கள், எவ்வளவும் சொல்லுங்கள். அச்சில் போடுவதைத்தான் யோசிக்கச் சொல்கிறேன்.

வாசிகசாலைப் பொறுப்பு:
அது நியாயமான கேள்வி ரீச்சர். அதனால்தான் முதல் புத்தகமாக அரியாத்தையைப் போட நானும் விரும்பவில்லை. பண்டிப் பள்ளிலிருந்து தொடங்கலாம். பன்றிக் கூட்டம் வயலுக்குப் போக ஆயத்தப்படுவதைச் சொன்னாலே பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். வயல் காவல் தெரிந்த பிள்ளைகள்தானே.

ரொறன்ரோ அண்ணைக்கும் ஒன்று. கணவர் 1960இல் இறந்த பிறகு பெல்ப்ரே திரும்பவும் நூலகத்துக்கே வந்தார். 1968இல் ஓய்வுபெற்றார். அதோடும் நிற்காமல் நியூயோர்க்கின் தென் புரொங்ஸ் பகுதியில் பொம்மலாட்டத்தைத் தூக்கிக்கொண்டு பிள்ளைகளிடம் போனார். 1982இல் காலமானார். 1996இலிருந்து அவர் பெயரில் அமெரிக்காவில் சிறுவர் இலக்கிய விருது கொடுக்கிறார்கள். அங்கே உங்கள் பிள்ளைகளுக்கும் எங்கள் கதை வேண்டுமென்றால், அதைத் தெரிந்தவர்கள் இங்கேதான் இருக்கிறார்கள். இங்கே அச்சானால் அங்கேயும் வரும்.

நான் எழுதத் தயார். ஆனால் சும்மா எழுதமாட்டேன். எழுத்துக்குக் கொடுப்பனவு வேண்டும். படம் வரைகிறவருக்கும் வேண்டும். கதை சொன்ன ஆச்சியின் பெயர் அட்டையில், என் பெயருக்கு மேலே வரவேண்டும்.

ரொறன்ரோ வன்னியன்:
தங்கச்சி, அச்சடித்தால் இருபத்தைந்து பிரதி இங்கே நான் எடுக்கிறேன். விஞ்ஞானப் புத்தகம் வேண்டும் என்பதில் மட்டும் நான் மாறவில்லை.

கணக்குப்பிள்ளை:
அரைவாசிக்கு நான் கையெழுத்து வைக்கமாட்டேன். காசு தந்தவர்கள் புத்தகத்துக்கென்று தந்தார்கள், தட்டு நிறையாவிட்டால் நாளைக்கு என்னைத்தான் கேட்பார்கள். நாலில் ஒரு பங்கு, ஒரு கதை, அதற்குள் எழுத்துக் கூலியும் படக்கூலியும். கிளிநொச்சியில் இரண்டு அச்சகத்தில் விலை கேட்டு எழுத்தில் வாங்கி வாருங்கள் தம்பி. அடுத்த கூட்டத்தில் வாக்கெடுப்புக்கு விடுவோம்.

குளக்கட்டு:
விலை கேட்டு வருகிறேன் அண்ணை. மூன்றில் ஒரு பங்கு என்றுதான் நான் கூட்டத்தில் கேட்பேன்.